கோகோ கோலா பாட்டில் அகற்றப்பட்ட மேடை: ராட் செர்லிங்கும் எமெட் டில்லின் பெயரும்

1956 ஏப்ரல் 25 அன்று இரவு, அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் ‘நூன் ஆன் டூம்ஸ்டே’ என்னும் ஒரு மணிநேர நாடகம் ஒளிபரப்பானது. ஒரு சிற்றூரில் அயலார் ஒருவர் கொல்லப்படுகிறார். கொன்றவன் யார் என்பது ஊர் முழுவதற்கும் தெரியும். நீதிமன்றம் அவனை விடுவிக்கிறது. ஊர் அவனைக் காக்கிறது. நாடகம் நடக்கும் இடம் அமெரிக்காவின் வடகிழக்கிலுள்ள நியூ இங்கிலாந்து. ஆனால், அந்த நாடகத்தை எழுதிய ராட் செர்லிங் மனத்தில் கொண்டிருந்த இடம் அதுவன்று. ஒளிபரப்புக்கு முன் அரங்கப் பொருட்கள் சரிபார்க்கப்பட்டபோது, மேடையிலிருந்த கோகோ கோலா பாட்டில்கள்கூட அகற்றப்பட்டன. அவை தெற்கு மாநிலங்களை நினைவூட்டக்கூடும் என்று நிகழ்ச்சியின் விளம்பரதாரர் அஞ்சியதே காரணம் என்று செர்லிங் பின்னாளில் தொலைக்காட்சி நேர்காணலிலேயே கூறினார்.

ஒரு குளிர்பானப் பாட்டிலைக் கண்டு ஒரு பெருநிறுவனம் ஏன் அஞ்ச வேண்டும்? இந்தக் கேள்விக்கு விடை தேடினால், கலைக்கும் முதலீட்டுக்கும் நிறவெறிக்கும் இடையே அன்று நிலவிய உறவு தெளிவாகும். ஓர் எழுத்தாளர் தம் வாழ்நாள் முழுவதும் நடத்திய பேரத்தின் கதையும் அதனுள் அடங்கியிருக்கிறது.

எட்டு மாதங்களுக்கு முன் நடந்தது

1955 ஆகஸ்டில், சிகாகோ நகரைச் சேர்ந்த எமெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவன் மிசிசிப்பி மாநிலத்திலிருந்த உறவினர் வீட்டுக்குச் சென்றான். மணி என்ற சிற்றூரின் மளிகைக் கடையில் வெள்ளையினப் பெண் ஒருவரிடம் அத்துமீறினான் என்பது அவன்மீது சுமத்தப்பட்ட குற்றம். ஆகஸ்ட் 28 அன்று அதிகாலை, அப்பெண்ணின் கணவன் ராய் பிரையன்ட்டும் அவனுடைய தாய்க்குப் பிறந்த, வேறு தந்தையுடைய அண்ணன் ஜே. டபிள்யூ. மைலமும் வீடு புகுந்து சிறுவனைத் தூக்கிச் சென்றனர். மூன்று நாட்களுக்குப் பின் அவனது உடல் டாலஹாட்சி ஆற்றில் கிடைத்தது. பஞ்சாலை இயந்திரத்தின் கனத்த விசிறி ஒன்று முள்கம்பியால் கழுத்தில் கட்டப்பட்டிருந்தது.

சம்னர் நகர நீதிமன்றத்தில் வழக்கு நடந்தது. நடுவர் குழுவின் 12 பேரும் வெள்ளையின ஆண்கள். சிறுவனின் பெரிய மாமா மோஸ் ரைட், வெள்ளையர் நிரம்பியிருந்த அவையில் எழுந்து நின்று குற்றவாளிகளைக் கைநீட்டி அடையாளம் காட்டினார். அந்த மாநிலத்தில், அந்த ஆண்டில், ஒரு கறுப்பினத்தவர் அப்படிச் செய்வது உயிரைப் பணயம் வைப்பதற்குச் சமம். அவர் சாட்சி சொன்னதும் மிசிசிப்பியை விட்டு வெளியேற நேர்ந்தது. நடுவர் குழுவோ ஏறத்தாழ 67 நிமிடங்களில் இருவரையும் விடுவித்தது. இடையில் சோடா குடிக்க நிற்காமல் இருந்திருந்தால் இவ்வளவு நேரம்கூட ஆகியிருக்காது என்று நடுவர்களில் ஒருவர் கூறினார். மேடையிலிருந்து அகற்றப்பட்ட பாட்டில்களைப் பற்றி வாசிக்கும்போது இந்தச் சோடாவை நினைக்காமல் இருக்க முடியவில்லை.

1956 ஜனவரியில் ‘லுக்’ இதழ் பிரையன்ட்டுக்கும் மைலமுக்கும் பணம் கொடுத்து அவர்களின் ஒப்புதல் வாக்குமூலத்தை வெளியிட்டது. ஒரே குற்றத்துக்கு இருமுறை விசாரிக்க இயலாது என்ற சட்டத்தின் நிழலில் நின்று, தாங்கள்தான் கொன்றோம் என்று அவர்கள் வெளிப்படையாகச் சொன்னார்கள்.

செர்லிங்கை உலுக்கியது கொலை மட்டுமன்று. கொலைக்குப் பிறகு ஒரு சமூகம் முழுவதும் ஒன்றாக வாய்மூடிக்கொண்டதும், வெளியிலிருந்து கேள்வி எழுந்ததும் அதே சமூகம் கொலையாளிகளுக்குக் கோட்டைச் சுவராக மாறியதும் அவருக்கு நாடகப் பொருளாகத் தோன்றின.

யார் இந்த செர்லிங்?

1924 டிசம்பர் 25 அன்று நியூயார்க் மாநிலத்தின் சிரக்யூஸ் நகரில், ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர் செர்லிங். பிங்காம்டன் என்ற ஊரில் வளர்ந்தார். பள்ளிப் படிப்பு முடிந்ததும் இராணுவத்தில் சேர்ந்து, வான்குடைப் படைப்பிரிவில் பிலிப்பைன்ஸ் போர்முனைக்குச் சென்றார். காயமடைந்து, பதக்கங்களுடனும் நெடுநாள் விலகாத கொடுங்கனவுகளுடனும் திரும்பினார். போர்வீரர்களுக்கான அரசுக் கல்வி உதவியில் ஒஹையோவின் ஆன்டியோக் கல்லூரியில் படித்தார், வானொலிக்கு எழுதினார், பின்பு தொலைக்காட்சிக்கு வந்தார்.

எழுபதுக்கும் மேற்பட்ட தொலைக்காட்சிக் கதைகளை எழுதிய பிறகே புகழ் அவரைத் தேடி வந்தது. 1955 ஜனவரி 12 அன்று ஒளிபரப்பான ‘பேட்டர்ன்ஸ்’ நாடகம், ஒரு பெருநிறுவனம் தன் மூத்த அலுவலர் ஒருவரைச் சிறிது சிறிதாக நசுக்கி வெளியேற்றுவதைக் காட்டியது. பதிவு நாடா புழக்கத்துக்கு வராத காலம் அது. நாடகங்கள் நேரலையில் நடிக்கப்பட்டு அன்றோடு முடிந்துபோகும். ஆயினும் மக்கள் கேட்டுக்கொண்டதற்கிணங்க, நான்கு வாரங்கள் கழித்து அதே நாடகத்தை அதே நடிகர்கள் மீண்டும் நேரலையில் நடித்தனர். முதல் எம்மி விருது அதற்குக் கிடைத்தது. அவ்விருதை அவர் மொத்தம் ஆறு முறை பெற்றார். அடுத்த ஆண்டு, ஓய்ந்துபோன குத்துச்சண்டை வீரன் ஒருவனைப் பற்றிய ‘ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்’ அவரைத் தொலைக்காட்சி எழுத்தாளர்களின் முதல் வரிசையில் நிறுத்தியது.

ஆக, 1956இல் எமெட் டில்லைப் பற்றி எழுத முனைந்தவர் வாய்ப்புத் தேடி அலைந்த புதியவர் அல்லர். தொழிலின் உச்சத்தை நோக்கி ஏறிக்கொண்டிருந்தவர். அவருக்கே இந்த நிலை என்றால் மற்றவர்களின் நிலையைச் சொல்லத் தேவையில்லை.

நிகழ்ச்சிக்கு உரிமையாளர் யார்?

அன்றைய அமெரிக்கத் தொலைக்காட்சியின் அமைப்பை அறிந்துகொள்ளாமல் இந்தக் கதையைப் புரிந்துகொள்ள இயலாது. இன்று ஒரு நிகழ்ச்சியின் இடையே பல விளம்பரங்கள் வருகின்றன. எந்த ஒரு நிறுவனமும் நிகழ்ச்சியின் முழு உரிமையாளர் ஆவதில்லை. 1950களில் நிலைமை வேறு. ஒரு நிறுவனம் வாரத்தின் ஒரு மணிநேரத்தை முழுவதுமாக விலைக்கு வாங்கும். நிகழ்ச்சியின் பெயரிலேயே அந்நிறுவனத்தின் பெயர் இருக்கும். ‘கிராஃப்ட் டெலிவிஷன் தியேட்டர்’ பாலாடைக்கட்டி நிறுவனத்தினுடையது. அதைத் தயாரித்ததே ஜே. வால்டர் தாம்சன் என்ற விளம்பர முகமைதான். ‘யுனைடெட் ஸ்டேட்ஸ் ஸ்டீல் அவர்’ எஃகு நிறுவனத்தினுடையது. திரைக்கதையின் ஒவ்வொரு பக்கத்தையும் விளம்பர முகமையின் அலுவலர்கள் வாசித்து, வெட்ட வேண்டியதை வெட்டினார்கள். அரசுத் தணிக்கை என்று அதற்குப் பெயரில்லை. எந்தச் சட்டமும் இல்லை, ஆணையும் இல்லை, வழக்கு தொடுப்பதற்கு எதிராளியும் இல்லை.

இந்த வெட்டுகளில் பல நகைப்புக்குரியவை. சிகரெட் லைட்டர் விற்கும் நிறுவனம் விளம்பரம் தந்ததால், ‘ரெக்வியம்’ நாடகத்தில் ஒரு பாத்திரம் தீக்குச்சி கேட்கும் வசனம் நீக்கப்பட்டது. ஃபோர்டு நிறுவனத்தின் நிகழ்ச்சியில், நியூயார்க்கின் வான்வரைக் காட்சியிலிருந்து கிரைஸ்லர் கட்டடம் மறைக்கப்பட்டது. 1959இல் ‘ஜட்ஜ்மென்ட் அட் நியூரம்பெர்க்’ நாடகத்தை எரிவாயு நிறுவனங்களின் சங்கம் வழங்கியதால், நாஜிகளின் நச்சுவாயு அறைகளைப் பற்றிய வசனத்தில் ‘வாயு’ என்ற சொல்லின் ஒலி மட்டும் அணைக்கப்பட்டது. இலட்சக்கணக்கானோர் எதனால் கொல்லப்பட்டனர் என்பதைச் சொல்லும் ஒற்றைச் சொல், அடுப்பு விற்பவர்களுக்காக விழுங்கப்பட்டது. இந்த மூன்றாவதைக் கேட்டுச் சிரிக்க முடியாது.

கதை எப்படிக் கரைந்தது?

செர்லிங் முதலில் எண்ணியது தெற்கில் நிகழும், கறுப்பினத்தவர் ஒருவர் பலியாகும் கதையை. ஆனால், அப்படி ஒரு நாடகத்தை எந்த விளம்பரதாரரும் ஏற்க மாட்டார் என்று அவருக்குத் தெரியும். எனவே எழுதத் தொடங்கும்போதே பலியாளை ஒரு வயதான யூத அடகுக் கடைக்காரராக மாற்றினார். பிறர் வெட்டுவதற்கு முன் தானே வெட்டிக்கொள்ளும் இந்தப் பழக்கத்தை அவர் ‘முன்தணிக்கை’ என்றே குறிப்பிட்டார். தாமும் அதைச் செய்ததை மறைக்கவில்லை. இவ்வளவு மாற்றியதும் கதை எஃகு நிறுவனத்தின் நிகழ்ச்சிக்கு ஏற்றுக்கொள்ளப்பட்டது.

ஒளிபரப்புக்கு முன் ஒரு செய்தியாளரிடம் கதையைப் பற்றி அவர் பேசினார். இது டில் வழக்கைப் போல இருக்கிறதே என்று அந்தச் செய்தியாளர் கேட்க, செர்லிங் அதை மறுக்கவில்லை. எமெட் டில் வழக்கு தொலைக்காட்சி நாடகமாகிறது என்று நாளிதழ்கள் எழுதின. தெற்கின் வெள்ளைக் குடிமக்கள் மன்றங்கள் கொதித்தெழுந்தன. பள்ளிகளில் நிறப் பாகுபாடு செல்லாது என்று 1954இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்ததை எதிர்த்து மிசிசிப்பியில் முளைத்து, தெற்கெங்கும் பரவிய அமைப்புகள் அவை. முகமூடி அணியாத, வங்கியாளர்களும் வணிகர்களும் வழக்கறிஞர்களும் நிறைந்த, மதிப்புக்குரிய நிறவெறி. அவற்றின் ஆயுதம் பொருளாதாரப் புறக்கணிப்பு. கடிதங்களும் தந்திகளும் குவிந்தன.

எஃகை யாரும் கடையில் பொட்டலம் கட்டி வாங்குவதில்லை. ஆகவே, எஃகு நிறுவனத்தைப் புறக்கணிப்பது எப்படி என்பது நியாயமான ஐயம்தான். ஆனால் நிறுவனம் அந்த ஐயத்துக்குள் செல்லவில்லை. திரைக்கதை மறுபடியும் மறுபடியும் திருத்தப்பட்டது. யூதர் என்ற அடையாளம் போய், பலியானவர் எந்த நாட்டவர் என்றே சொல்லப்படாத ஓர் அயலார் ஆனார். தெற்கு போய் நியூ இங்கிலாந்து வந்தது. கும்பல் கொலையைக் குறிக்கும் ‘லிஞ்ச்’ என்ற சொல் நீக்கப்பட்டது. கொலைகாரன் வெறுப்பில் ஊறிய மனிதனாக அல்லாமல், கண நேரம் தடுமாறிவிட்ட நல்ல பிள்ளையாக மாற்றப்பட்டான். கடைசியாகப் பாட்டில்கள் அகற்றப்பட்டன.

இந்தப் பட்டியலைச் சற்று நிதானமாகக் கவனிக்க வேண்டும். கொலை நீக்கப்படவில்லை. அநீதியான விடுதலை நீக்கப்படவில்லை. ஊரின் கோழைத்தனமும் நீக்கப்படவில்லை. நீக்கப்பட்டவை மூன்று: கொல்லப்பட்டவர் யார், எந்த மண்ணில், எந்த வெறுப்பினால். வெறுப்பு கூடாது என்ற பொதுவான அறவுரையை எந்த விளம்பரதாரரும் மறுத்ததில்லை. அது எவரையும் சுடாது. பெயரும் ஊரும் சேரும்போதுதான் அந்த அறவுரை குற்றச்சாட்டாக மாறுகிறது.

செர்லிங் விடவில்லை. இரண்டு ஆண்டுகள் கழித்து, சிபிஎஸ்ஸின் ‘பிளேஹவுஸ் 90’ நிகழ்ச்சிக்காக மீண்டும் டில் கொலையை எடுத்தார். மீண்டும் அதே கதி. 1958 ஜூன் 19 அன்று ‘எ டவுன் ஹேஸ் டேர்ன்ட் டு டஸ்ட்’ ஒளிபரப்பானபோது, கதை 1870களின் தென்மேற்குப் பாலைவன ஊருக்கு நகர்ந்திருந்தது. பலியானவன் மெக்சிக இளைஞன். ஜான் ஃபிராங்கன்ஹைமர் இயக்கத்தில், கும்பலைத் தடுக்கத் தவறிய காவல் அதிகாரியாக ராட் ஸ்டைகர் நடித்த அந்த நாடகம் வலிமையானது என்பதில் ஐயமில்லை. ஆனால் நூறாண்டு பின்னே தள்ளப்பட்ட கொடுமை யாருடைய உறக்கத்தையும் கெடுக்காது. தலைப்பிலுள்ள ஊர் புழுதியாவதற்கு முன்பே தம் கதை புழுதியாகிவிட்டது என்ற பொருளில் செர்லிங் கசப்புடன் பேசினார்.

அச்சிட்டவர்களும் இருந்தார்கள்

அன்றைய அமெரிக்காவில் எமெட் டில்லின் பெயரைச் சொல்லவே வழியில்லை என்று இதிலிருந்து முடிவு செய்துவிடக் கூடாது. செர்லிங்கைப் பற்றிய பாராட்டுரைகள் பெரும்பாலும் கடந்துபோய்விடும் இடம் இது.

நாடகம் எழுதப்படுவதற்கு முன்பே, 1955 செப்டம்பரிலேயே, அந்தச் சிறுவனின் தாய் மேமி டில் ஒரு முடிவெடுத்தார். மூடிய பெட்டியிலேயே புதைத்துவிட வேண்டும் என்று மிசிசிப்பி அதிகாரிகள் விரும்பிய உடலை, சிகாகோவில் பெட்டியைத் திறந்து வைத்து உலகத்தின் பார்வைக்கு வைத்தார். பல்லாயிரம் பேர் வரிசையில் நின்று பார்த்தனர். டேவிட் ஜாக்சன் எடுத்த ஒளிப்படத்தை ‘ஜெட்’ என்ற சிறிய வார இதழ் அச்சிட்டது. ‘சிகாகோ டிஃபெண்டர்’ ஏடும் செய்தியைத் தொடர்ந்து வெளியிட்டது. இரண்டும் கறுப்பினத்தவருக்குச் சொந்தமானவை. ‘ஜெட்’டின் உரிமையாளர் ஜான் எச். ஜான்சன், தெற்கிலிருந்து சிகாகோவுக்குக் குடிபெயர்ந்த ஏழைக் குடும்பத்திலிருந்து வந்தவர்.

கைக்குள் அடங்கும் ஓர் இதழ் அச்சிட்ட முகத்தை, நாட்டின் பாதிக்கும் மேற்பட்ட வீடுகளுக்குள் சென்றுகொண்டிருந்த ஊடகத்தால் காட்ட முடியவில்லை. பெயரைக்கூடச் சொல்ல முடியவில்லை. வேறுபாடு துணிச்சலில் மட்டும் இல்லை, உடைமையிலும் இருந்தது. தெற்கின் வெள்ளைக் குடிமக்கள் மன்றங்கள் வாங்காத ஓர் இதழை அவை புறக்கணித்து என்ன செய்துவிட முடியும்?

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். செர்லிங்கின் அந்த இரு நாடகங்களும் வெள்ளையின ஊரின் மனச்சாட்சியைச் சுற்றியே சுழல்கின்றன. வாய்மூடிய ஊர், தடுமாறும் அதிகாரி, தாமதமாக விழிக்கும் அறம் ஆகியவையே அவற்றின் மையம். பெட்டியைத் திறந்து வைத்த தாயோ, அவையில் எழுந்து கைநீட்டிய முதியவரோ அங்கே மையத்தில் இல்லை. விளம்பரதாரர் ஒரு சொல்லைக்கூட வெட்டாமல் இருந்திருந்தாலும் இந்தக் குறை இருந்திருக்கும் என்றே தோன்றுகிறது. அதை அவருடைய நேர்மையின் குறையாகக் கொள்ள வேண்டியதில்லை. யார் எழுதும் அறையில் அமர்ந்திருந்தார்கள், யார் இல்லை என்பதன் விளைவு அது.

எழுத்தாளர் தயாரிப்பாளர் ஆகிறார்

1956இல் அமெரிக்கச் செனட் அவையைப் பற்றி ‘தி அரீனா’ என்றொரு நாடகம் எழுதினார் செர்லிங். நடப்புப் பிரச்சினை எதையும் செனட்டர்கள் பேசக்கூடாது என்பது நிபந்தனை. எதையுமே பேசாமல் ஆவேசமாகப் பேசும் செனட்டர்களைப் படைக்க நேர்ந்தது. அதைப் பற்றிப் பின்னர் எழுதும்போது, கதையை நூறாண்டு தள்ளி 2057இல் வைத்து, செனட்டர்களை இயந்திர மனிதர்களாக்கியிருந்தால் சொல்ல வேண்டியதையெல்லாம் சொல்லியிருக்கலாம் என்று குறிப்பிட்டார். கேலியாகச் சொன்னது, அவரது அடுத்த கட்டத்தின் திட்டமாகவே ஆயிற்று.

1959 அக்டோபர் 2 அன்று ‘தி ட்விலைட் ஸோன்’ தொடங்கியது. மீஎதார்த்தமும் அறிவியல் புனைவும் கலந்த, ஒவ்வொரு வாரமும் தனித்தனிக் கதையாக அமைந்த தொடர். இம்முறை செர்லிங் எழுத்தாளர் மட்டுமல்லர். காயுகா புரொடக்‌ஷன்ஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கி, அதன் வழியே தயாரிப்பில் உரிமையும் தீர்மானிக்கும் அதிகாரமும் பெற்றார். ஐந்து பருவங்களில் வெளிவந்த 156 பகுதிகளில் 92 அவர் எழுதியவை. சார்லஸ் போமாண்ட், ரிச்சர்ட் மாதெசன், ஜார்ஜ் கிளேட்டன் ஜான்சன் போன்றோர் ஏனையவற்றில் பெரும்பங்கை எழுதினர்.

தொடர் தொடங்குவதற்குப் பத்து நாள் முன்பு மைக் வாலஸ் அவரை நேர்காணல் செய்தார். அப்படியானால் இனி முக்கியமான எதையும் தொலைக்காட்சியில் எழுதப்போவதில்லையா என்ற தொனியில் கேள்வி வந்தது. விளம்பரதாரர்களோடு ஒவ்வொரு சொல்லுக்கும் போராடிச் சலித்துவிட்டதை செர்லிங் மறைக்கவில்லை. அந்த நேர்காணலைப் பார்ப்பவர்களுக்கு, தோற்றவர் ஒருவர் கண்ணியமாகப் பின்வாங்குவதைப் போலத்தான் தோன்றும்.

நடந்தது வேறு. 1960 மார்ச்சில் ஒளிபரப்பான ‘தி மான்ஸ்டர்ஸ் ஆர் டியூ ஆன் மேப்பிள் ஸ்ட்ரீட்’ பகுதியில், ஒரு நடுத்தர வர்க்கத் தெருவில் மின்சாரம் நின்றுவிடுகிறது. வேற்றுக்கிரகவாசி நம்மிடையே ஒளிந்திருக்கிறான் என்ற ஐயம் பரவுகிறது. மாலைக்குள் அண்டை வீட்டார் ஒருவரையொருவர் வேட்டையாடத் தொடங்குகிறார்கள். கம்யூனிஸ்டு வேட்டையின் நினைவு மறையாத காலத்தில், இந்தக் கதையை வெட்ட எந்த விளம்பரதாரருக்கும் தோன்றவில்லை. ‘தி ஐ ஆஃப் தி பிஹோல்டர்’ பகுதியில், எல்லோரையும் போல முகம் அமையாத பெண் ஒருத்தி ஒதுக்கிடத்துக்கு அனுப்பப்படுகிறாள். தனி இனம், தனிக் குடியிருப்பு, ஒரே அளவுகோலை முழங்கும் ஒரு தலைவன் எல்லாம் அதில் உண்டு. ‘டெத்ஸ் ஹெட் ரீவிசிட்டட்’ நேரடியாகவே டாகாவ் வதைமுகாமுக்குள் சென்றது.

விளம்பரதாரர்கள் முற்றிலும் ஓயவில்லை. முதல் பருவத்தின் ஒரு பகுதியில், பிரிட்டிஷ் கப்பல் அதிகாரி தேநீர் கேட்பதை காப்பி விற்கும் விளம்பரதாரர் ஏற்கவில்லை. வேற்றுக்கிரகத்தாரின் வாயில் எதை வைத்துச் சொன்னாலும் கவலைப்படாதவர்களுக்கு, தேநீர் மட்டும் பொறுக்கவில்லை.

உருவகம் தந்ததும் பறித்ததும்

ஊடக மாணவர்களுக்கு செர்லிங்கைப் பற்றிக் கற்பிக்கப்படும் பாடம் பெரும்பாலும் இதுதான்: தணிக்கையை உருவகத்தால் வென்றவர். இது பாதி உண்மை. உருவகம் அவருக்குக் கதவைத் திறந்தது. அதே நேரத்தில் பார்வையாளருக்கும் தப்பிச்செல்ல ஒரு வாசலைக் கொடுத்தது. மேப்பிள் தெருவின் கும்பலைப் பார்த்து வருந்தும் ஒருவர், தம் ஊரின் உணவகத்தில் கறுப்பினத்தவருக்கு இடம் மறுக்கப்படுவதை அதோடு சேர்த்துப் பார்த்தே தீர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. அந்தக் கதை ஒளிபரப்பானதற்கு ஒரு மாதம் முன்பு, 1960 பிப்ரவரியில், வட கரோலைனாவின் கிரீன்ஸ்பரோ நகரில் நான்கு கறுப்பின மாணவர்கள் வெள்ளையருக்கு மட்டுமென்றிருந்த உணவு மேடையில் அமர்ந்து போராட்டத்தைத் தொடங்கியிருந்தனர். வேற்றுக்கிரகவாசியின் கதையை இரசித்த ஒருவர் அந்த மாணவர்களை வெறுப்பதற்கு எந்தத் தடையும் இல்லை.

உருவகம் பயனற்றது என்பது இதன் பொருளன்று. சொல்லவே முடியாத நிலையில் அது ஒரு மூச்சுக்காற்று. ஆனால், அதற்கு ஒரு விலை உண்டு; அந்த விலையைச் செலுத்தியவர் செர்லிங் மட்டுமல்லர். விருதுகளும் புகழும் அவருக்கு வந்தன. திரையிலிருந்து மறைந்தது எமெட் டில்லின் முகம்.

செர்லிங் இதை அறியாதவர் அல்லர் என்பதற்குச் சான்றுகள் உள்ளன. 1960 ஏப்ரலில் வெளியான ‘தி பிக் டால் விஷ்’ பகுதியில், ஐவன் டிக்சன் தலைமையில் முதன்மைப் பாத்திரங்களில் கறுப்பின நடிகர்களை நடிக்கவைத்தார். குத்துச்சண்டை வீரன் ஒருவனுக்கும் அவன்மேல் நம்பிக்கை வைத்த ஒரு சிறுவனுக்கும் இடையிலான கதை. நிறப் பிரச்சினை அதில் பேசப்படவேயில்லை. கறுப்பினத்தவரைப் பணியாளராகவோ கோமாளியாகவோ மட்டும் காட்டிவந்த தொலைக்காட்சியில், அவர்களை வெறுமனே மனிதர்களாகக் காட்டியதே அன்று செய்தியாயிற்று. மறு ஆண்டு, இன உறவுகளை மேம்படுத்தியதற்கான யூனிட்டி விருது தொடருக்கு வழங்கப்பட்டது.

1964 மார்ச் 27 அன்று ஒளிபரப்பான ‘ஐ ஆம் தி நைட் – கலர் மீ பிளாக்’ இன்னும் ஓர் அடி முன்னே சென்றது. இனவெறியன் ஒருவனைக் கொன்றதற்காக ஒருவர் தூக்கிலிடப்படவிருக்கும் காலையில், ஓர் ஊரில் மட்டும் சூரியன் உதிக்கவில்லை. ஊரில் திரண்ட வெறுப்பே இருளாக இறங்கியிருக்கிறது என்று கறுப்பினப் போதகர் ஒருவர் கூறுகிறார்; அவராக நடித்தவரும் ஐவன் டிக்சன்தான். முடிவில் வானொலிச் செய்தி, இருள் சூழ்ந்த பிற இடங்களை வாசிக்கிறது. குடியரசுத் தலைவர் கென்னடி கொல்லப்பட்ட டல்லாஸ் நகரத் தெரு அவற்றில் ஒன்று. அலபாமாவின் பர்மிங்காம் இன்னொன்று; ஆறு மாதங்களுக்கு முன் தேவாலயக் குண்டுவெடிப்பில் நான்கு கறுப்பினச் சிறுமியர் கொல்லப்பட்ட நகரம். கதையாக அந்தப் பகுதி சற்றுப் பிரசங்கத் தன்மையுடையது. செர்லிங்கின் சிறந்த படைப்புகளில் அதை எவரும் வைப்பதில்லை. எனினும், எட்டு ஆண்டுகளுக்கு முன் ஒரு பாட்டிலைக்கூட வைக்க முடியாதவரின் தொலைக்காட்சிக் கதையில் ஒரு தெற்கு நகரத்தின் பெயர் உரக்க வாசிக்கப்படுகிறது. இடைப்பட்ட காலத்தில் மாறியது விளம்பரதாரரின் மனமன்று. தெருவில் நடந்த போராட்டங்கள் அந்தப் பெயர்களை மறைக்க முடியாதவையாக ஆக்கியிருந்தன.

பின்னாட்கள்

திரைப்படத்திலும் செர்லிங்கின் பங்களிப்பு குறிப்பிடத்தக்கது. இராணுவத் தளபதிகள் ஆட்சியைக் கைப்பற்றத் திட்டமிடும் ‘செவன் டேஸ் இன் மே’ (1964) அவருடைய திரைக்கதை. ‘பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்’ (1968) படத்தின் தொடக்க வரைவுகள் அவருடையவை. ஹாலிவுட்டின் கறுப்புப் பட்டியலால் முன்பு ஒதுக்கப்பட்டிருந்த மைக்கேல் வில்சன் அவற்றை மாற்றி எழுதினார். மூவகைக் குரங்கினங்கள் மூன்று அடுக்குகளாக வாழும் சமூகமும், மணலில் புதைந்த சுதந்திரதேவி சிலையும் இன்றும் பேசப்படுகின்றன. 1972இல் வந்த ‘தி மேன்’ அவ்வளவு பேசப்படுவதில்லை. ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸ் அதில் அமெரிக்காவின் முதல் கறுப்பினக் குடியரசுத் தலைவராக நடித்தார். இர்விங் வாலஸின் நாவலுக்கு செர்லிங் எழுதிய திரைக்கதையில் எந்த உருவகமும் இல்லை.

உரிமையை விட்டுக்கொடுத்தால் என்ன நேரும் என்பதையும் அவர் வாழ்க்கை காட்டியது. ‘ட்விலைட் ஸோன்’ முடிந்ததும் அதில் தமக்கிருந்த பங்கை சிபிஎஸ் நிறுவனத்துக்கே விற்றார். பல பத்தாண்டுகளாக மறுஒளிபரப்பில் அத்தொடர் ஈட்டிய வருவாய் பின்பு நிறுவனத்துக்குச் சென்றது. 1970இல் என்பிசியில் ‘நைட் கேலரி’ தொடர் தொடங்கியபோது, அவருடைய முகமும் குரலும் திரையில் இருந்தன; தயாரிப்பு அதிகாரம் அவரிடம் இல்லை. அவர் எழுதிய கதைகள் நிராகரிக்கப்பட்டன, மாற்றப்பட்டன. தம் பெயரால் அறியப்பட்ட தொடரில் அவர் வாசலில் நிற்கும் வரவேற்பாளரானார். விளம்பரப் படங்களுக்குக் குரல் கொடுத்தார். இதாகா கல்லூரியில் மாணவர்களுக்கு எழுத்தைக் கற்பித்தார். 1975 ஜூன் 28 அன்று, இதய அறுவைச் சிகிச்சைக்குப் பின், 50ஆம் வயதில் இறந்தார்.

எமெட் டில் பெயரோடும் முகத்தோடும் தொலைக்காட்சிக்கு வந்த குறிப்பிடத்தக்க தருணம் 1987 ஜனவரியில் அமைந்தது. ஹென்றி ஹாம்ப்டன் என்ற கறுப்பினத் தயாரிப்பாளர், பிளாக்சைடு என்ற தம் சொந்த நிறுவனத்தின் வழியே உருவாக்கிய ‘ஐஸ் ஆன் தி பிரைஸ்’ ஆவணத் தொடர், குடியுரிமைப் போராட்டத்தின் வரலாற்றைக் கூறும் தன் முதல் பகுதியிலேயே டில்லின் கதையைச் சொன்னது. அது பொது ஒளிபரப்பான பிபிஎஸ்ஸில் வெளியானது. வணிகத் தொலைக்காட்சியான ஏபிசி, மேமி டில்லை மையமாக வைத்து ‘விமன் ஆஃப் தி மூவ்மென்ட்’ தொடரை ஒளிபரப்பியது 2022 ஜனவரியில். கும்பல் கொலையைக் கூட்டாட்சிக் குற்றமாக்கும் சட்டம் எமெட் டில்லின் பெயரில் கையெழுத்தானது அதே ஆண்டு மார்ச் 29 அன்று. மேமி டில் 2003இலேயே காலமாகியிருந்தார்.